ஆப்பிரிக்கான்ஸ் குடும்பப் பெயரின் வேரைக் கண்டுபிடிப்பது எப்படி?

சேப்பாக்கத்தில் நாம் கைதட்டி ரசித்த ஃபாஃப் டூ ப்ளெஸ்ஸியின் குடும்பப் பெயருக்குப் பொருள், கிளைகளைப் பின்னி வேலி அடைத்த இடம். சொல் பழைய பிரெஞ்சு. தென்னாப்பிரிக்காவில் வழங்கும் இத்தகைய பெயர்களுக்கு, டச்சிலிருந்து அங்கே கிளைத்த மொழியான ஆப்பிரிக்கான்ஸின் அகராதி உதவாது. வேறு வழியில் போக வேண்டும்.

படி 1: அகராதியை மூடி வையுங்கள்

பலரும் சறுக்குவது இங்கேதான். 'மின்னார்' என்ற பெயரை டச்சு அகராதியில் தேடினால் 'காதலன்' என்று வரும். அந்தக் குடும்பத்துக்கும் காதலுக்கும் சம்பந்தமே இல்லை. மூலப் பெயர் மெனார். வலிமை, உறுதி என்று பொருள்படும் இரண்டு பழைய ஜெர்மானியச் சொற்கள் சேர்ந்து உருவாகி, பிரான்ஸில் வழங்கிய பெயர் அது.

காரணம் எளிது. 1688, 1689 ஆண்டுகளில் ஹ்யூகனாட் எனப்படும் பிரெஞ்சுப் புராட்டஸ்டண்ட் அகதிகள், அப்போது டச்சுக்காரர் கையில் இருந்த தென்னாப்பிரிக்காவின் கேப் பகுதிக்கு வந்து இறங்கினார்கள். அவர்கள் பெயரை டச்சு எழுத்தர்கள் காதில் விழுந்தபடி எழுதினார்கள். பினார், பீனார் ஆனது. செனெஷால், செனெகால் ஆனது. 1671-லேயே வந்துவிட்ட வில்லியோனின் வழிவந்தவர்கள் இன்று ஃபில்யூன். சில பெயர்கள் மொழிபெயர்க்கவும் பட்டன: முன்னாள் அதிபர் டி கிளெர்க்கின் குடும்பப் பெயர் முதலில் 'லெ கிளெர்க்'. ஆகவே 'டி' என்ற முன்னொட்டை மட்டும் பார்த்து டச்சு, பிரெஞ்சு என்று முடிவு கட்டாதீர்கள். 'ஃபன் டெர்' அவ்வளவு குழப்பாது. பெரும்பாலும் டச்சு இடப்பெயர்தான். ஃபன் டெர் மெர்வெ என்றால் மெர்வெ ஆற்றுப் பக்கத்துக்காரர்.

படி 2: முதலில் வந்தவரைப் பிடியுங்கள்

குடும்பத்தில் முதலில் கப்பலேறி வந்தவரை 'ஸ்டாம்ஃபாடர்' என்பார்கள். அவர் பெயர் எப்படி எழுதப்பட்டது என்பதே உங்களுக்கு வேண்டிய சாவி.

தென்னாப்பிரிக்கத் தேசிய ஆவணக் காப்பகத்தின் இணைய அட்டவணையில் தொடங்குங்கள். கேப் பகுதி மரண அறிவிப்புகள் 'எம்ஓஓசி 6/9' என்ற வரிசையில், 1834 முதல் இருக்கின்றன. படிவத்தில் இறந்தவரின் பெற்றோர் பெயர் இருக்கும். அதைப் பிடித்துக்கொண்டு ஒவ்வொரு தலைமுறையாகப் பின்னால் போகலாம். அதற்கு முந்தைய காலத்துக்கு டச்சு சீர்திருத்தத் திருச்சபையின் ஞானஸ்நான ஏடுகள். ஃபேமிலிசர்ச் என்ற வம்சாவளித் தளத்தில் அவற்றின் படங்களையே பாருங்கள். பிறர் பதிவேற்றிய குடும்ப மரங்களை நம்புவதைவிட இது நூறு மடங்கு மேல்.

தேடி எதுவும் வரவில்லையா? எழுத்துக்கூட்டலை மாற்றிப் பாருங்கள். பழைய ஏட்டில் 'ஐ-ஜே' என்று இருப்பது இன்று 'ஒய்'; 'இசட்' பல இடங்களில் 'எஸ்'. செலியே என்ற ஒரே பெயர் சிலியர்ஸ், செலியர்ஸ், சிலியே என்று பிரிந்து கிடக்கிறது. டச்சுக் கால ஏடுகளில் மனைவியைக் கணவர் பெயரில் தேடாதீர்கள். பிறந்த வீட்டுப் பெயரில்தான் இருப்பார்.

வம்சாவளி நூல்களில் 'பி3 சி1' போன்ற குறியைப் பார்த்து மிரள வேண்டாம். ஸ்டாம்ஃபாடர் 'ஏ', அவர் பிள்ளைகள் 'பி', பேரப்பிள்ளைகள் 'சி'. மூன்றாம் பிள்ளையின் முதல் பிள்ளை என்று படியுங்கள்.

படி 3: மூல வடிவத்துக்குப் பொருள் தேடுங்கள்

இப்போது அகராதியைத் திறக்கலாம், அந்தந்த ஊர் மொழியில். டச்சுப் பெயரென்றால் நெதர்லாந்துக் குடும்பப் பெயர் வங்கி என்ற இணையதளமே போதும். 1947-இல் எந்த ஊரில் அந்தப் பெயர் எவ்வளவு பேருக்கு இருந்தது என்று வரைபடமே காட்டும். குலச்சின்னம் விற்கும் தளங்கள் பக்கம் போகாதீர்கள்.

நெதர்லாந்தில் எல்லாரும் குடும்பப் பெயரைப் பதிய வேண்டும் என்ற 1811-ஆம் ஆண்டு நெப்போலியன் ஆணைக்குக் கேலியாக வைத்த பெயர் என்று யாராவது சொன்னால் ஏற்காதீர்கள். கேப் 1806 முதல் பிரிட்டிஷார் கையில் இருந்தது. அந்த ஆணை அங்கே செல்லவே இல்லை.

பின்சேர்க்கை: பெயர் செப்டம்பர், பிப்ரவரி, ஏப்ரல் என்று இருந்தால்?

மேலே சொன்ன வழி பெரும்பாலும் பயன்படாது. இவை பல குடும்பங்களில் அடிமைப்படுத்தப்பட்டவர்களுக்கு எசமானர்கள் சூட்டிய பெயர்களிலிருந்து வந்தவை. அவர்களில் சோழமண்டலக் கரையிலிருந்து கொண்டுபோகப்பட்டவர்களும் உண்டு. ஏடுகளில் 'ஃபன் கோரமண்டல்' என்று ஊர் குறித்திருப்பார்கள். இவர்களைத் திருச்சபை ஏடுகளில் தேடுவதற்கு முன், 1816-இல் தொடங்கி 1834-இல் அடிமைமுறை ஒழிந்தது வரை எழுதப்பட்ட அடிமைப் பதிவேடுகளைப் பாருங்கள். அவை எசமானர் பெயர்வாரியாக இருக்கும். ஆகவே முதலில் எசமானர் பெயரைக் கண்டுபிடித்தாக வேண்டும்.