‘உங்க போர்ஷன் முடிஞ்சுது’ என்றால் முடியவில்லை

போன வாரம் பாலக்கோட்டிலிருந்து ஒரு தம்பி வந்திருந்தான். சீரியலில் ஊர்த்தலைவர் மகனாக நாலு நாள் நடித்திருக்கிறான். முகத்தில் மீசை இல்லை. “வேற ஒரு ஆடிஷனுக்காக எடுத்துட்டேண்ணே” என்றான். எனக்குத் திக்கென்றது.

நம் தர்மபுரி, கிருஷ்ணகிரிப் பக்கத்திலிருந்து சினிமா, சீரியலில் சின்ன வேஷத்துக்குப் போகிறவர்கள் செய்யும் தவறுகளைத்தான் இங்கே சொல்கிறேன். நேரத்துக்குப் போ, வசனத்தைப் படி என்பதெல்லாம் எல்லோருக்கும் தெரியும். அதை விட்டுவிடுகிறேன்.

கெட்டப்பை நடுவில் மாற்றுவது

படத்தைப் பெரும்பாலும் கதை வரிசைப்படி எடுப்பதில்லை. ஒகேனக்கலில் பரிசலை விட்டு இறங்குபவர் நேராக வீட்டுக்குள் நுழைகிறார் என்றால், பரிசல் இன்றைக்கு, வீடு ஒரு மாதம் கழித்துச் சென்னை செட்டில். திரையில் இரண்டுக்கும் நடுவே ஒரு நொடிதான்.

ஒரு படத்தில் எனக்கு அப்பா வேஷம், ஆறு காட்சி. கடைசி நாள் உதவி இயக்குநர், “உங்க போர்ஷன் முடிஞ்சுதுண்ணே” என்றார். வேண்டுதல் பாக்கி இருந்ததால் தீர்த்தமலைக்குப் போய் மொட்டை போட்டுக்கொண்டேன். பன்னிரண்டாம் நாள் போன் வந்தது: பேட்ச் வேலை, அதாவது விட்டுப்போனதை எடுப்பது, இரண்டு ஷாட். விக் வைத்துப் பார்த்தார்கள். நெற்றியில் ஒட்டிய கோடு க்ளோஸ்-அப்பில் தெரிந்தது. மகனிடம் நான் பேச வேண்டிய வசனம் தாய்மாமன் வேஷக்காரருக்குப் போனது. அதைச் சார்ந்த என் காட்சிகளும் எடிட்டிங்கில் போய், ஆறு இரண்டானது. அந்தப் படத்தின் மேனேஜர் அப்புறம் என்னைக் கூப்பிடவே இல்லை. அந்த வசனம் இன்றும் எனக்கு மனப்பாடம்.

போர்ஷன் முடிந்தது என்றால் அந்த ஷெட்யூல், அதாவது அந்தக் கட்டப் படப்பிடிப்பு, முடிந்தது, அவ்வளவுதான். எந்த ஷாட் குறைகிறது என்பது எடிட்டிங்கில் உட்காரும்போதுதான் தெரியவரும். சீரியலில் உங்கள் பாத்திரம் இரண்டு மாதம் கழித்துக்கூடத் திரும்ப வரலாம். முடியில் கை வைக்கும் முன் இயக்குநர் குழுவுக்குப் போன் போட்டு வாய்விட்டுக் கேளுங்கள். துண்டு எந்தத் தோளில், வாட்ச் எந்தக் கையில், மேல் பட்டன் போட்டிருந்ததா என்று காட்சிக்குக் காட்சி நோட்டில் எழுதிவையுங்கள். கன்டினியூட்டி, அதாவது ஷாட்டுக்கு ஷாட் தோற்றம் ஒத்துப்போகிறதா என்று பார்க்க ஆள் உண்டு. ஆனால் அவர் கண் பெரும்பாலும் நாயகன் மேல் இருக்கும்.

தம்பியை உடனே போன் போட வைத்தேன். அடுத்த ஷெட்யூலுக்கு இருபது நாள் இருக்கிறதாம். மீசை வளர்ந்துவிடும்.

கூத்துக் குரல்

நம் பக்கத்தில் பலரும் தெருக்கூத்து பார்த்து வளர்ந்தவர்கள். விடிய விடிய நடக்கும் பாரதக் கூத்தில் துரியோதனன் பேசுவது கடைசி வரிசைக் கிழவிக்கும் கேட்க வேண்டும். க்ளோஸ்-அப்பில் அந்தக் கிழவி உங்கள் முகத்துக்கு ஒரு சாண் தூரத்தில் இருக்கிறாள். இமை அசைந்தால் போதும். “ஃப்ரேம் எதுவரைக்கும்ணே?” என்று கேமராக்காரரிடம் கேட்டுவிட்டு நடியுங்கள். கூத்து தந்த மூச்சை மட்டும் விட்டுவிடாதீர்கள். நீள வசனத்தை ஒரே டேக்கில் சொல்ல அதுதான் கைகொடுக்கும்.

தெரிந்த மொழியை மறைப்பது

ஓசூர், தேன்கனிக்கோட்டைப் பிள்ளைகள் பலருக்குத் தெலுங்கோ கன்னடமோ நன்றாக வரும். நடிகர்களை ஏற்பாடு செய்யும் கோ-ஆர்டினேட்டரிடம் முதல் நாளே சொல்லுங்கள்.

ஷூட்டிங் அன்று காலையில் கிளம்புவது

தர்மபுரியிலிருந்து சென்னை சுமார் 300 கிலோமீட்டர். முந்தின நாளே போய்ச் சேருங்கள்.

வாய்ப்புக்குப் பணம்

கேட்டால் எழுந்து வந்துவிடுங்கள்.