தோள்மூட்டில் ‘லூஸ் பாடி’: கோடர்கள் சறுக்கும் இடங்கள்

மருத்துவக் குறிப்புகளைப் படித்து இன்சூரன்ஸ் க்ளெய்முக்கான கோட் போடுகிறவர்கள்தான் கோடர்கள். தோள் சார்ட்டில் ‘லூஸ் பாடி’ என்ற சொல் கண்ணில் பட்டதும், வலது தோளா என்று பார்த்துவிட்டு எம்24.011 (வலது தோள்மூட்டில் லூஸ் பாடி) என்று தட்டி அடுத்த சார்ட்டுக்குப் போய்விடுவோம். டார்கெட் அப்படி. நானும் கோடராகச் சேர்ந்த புதிதில் அப்படித்தான் செய்தேன். ஆடிட்டில் திரும்பி வந்த சார்ட்களைப் பார்த்தபோதுதான் ஒன்று விளங்கியது: துணுக்கு மூட்டுக்குள் இருக்கிறதா என்பதை மட்டும் படித்திருக்கிறேன், அது எங்கிருந்து வந்தது என்பதைப் படிக்கவே இல்லை.

குருத்தெலும்போ எலும்போ சிறு துண்டாகப் பிரிந்து மூட்டுக்குள் மிதப்பதுதான் லூஸ் பாடி. கையைத் தூக்கும்போது இடையில் சிக்கி, மூட்டு பூட்டிக்கொண்டதுபோல் நிற்கும். பழைய டாக்டர்கள் சிலர் இதை ‘ஜாயின்ட் மைஸ்’, அதாவது மூட்டு எலிகள் என்று எழுதுவார்கள். டைப்பிங் பிழை என்று நினைத்துத் தாண்டிவிடாதீர்கள். அமெரிக்க நோய்க் கோட் தொகுப்பான ஐசிடி-10-சிஎம் இண்டெக்ஸிலேயே அந்தச் சொல் இருக்கிறது, நேராக லூஸ் பாடிக்கு அனுப்பிவைக்கும்.

அதிகம் அடிபடுவது புதுக் காயத்தில். முந்தாநாள் கீழே விழுந்து வலது தோள் இறங்கிப்போய், எமர்ஜென்சிக்கு வந்தவர். எக்ஸ்ரேயில் கிரேட்டர் டியூபராசிட்டியிலிருந்து (மேற்கை எலும்பின் மேல்முனைப் புடைப்பு) ஒரு துண்டு விலகியிருக்கிறது. டாக்டரும் ‘எலும்புத் துண்டு’ என்றுதான் எழுதியிருப்பார். இங்கே எம்24 வரவே கூடாது. எம்24-இன் தலைப்பிலேயே எக்ஸ்க்லூட்ஸ்1 குறிப்பு, அதாவது ‘இதை இங்கே சேர்க்காதே’ என்ற குறிப்பு இருக்கிறது: தற்போதைய காயம் என்றால் அந்த இடத்துக்குரிய காயக் கோடுக்குப் போ என்று. ஆக இது எஸ்42.251, ஏழாவது எழுத்து ஏ (முதல் சிகிச்சைக் கட்டம்). க்ளெனாய்டு (தோள்பட்டை எலும்பின் குழி) விளிம்பு உடைந்திருந்தால் எஸ்42.14 வரிசை. அதே ஆள், எலும்பு கூடிய பிறகு, ஓரிரு வருடம் கழித்து ‘கை அடிக்கடி சிக்கிக்கொள்கிறது’ என்று வந்து, ஸ்கேனில் பழைய துணுக்கு மிதப்பதை டாக்டர் உறுதிசெய்தால் அப்போது எம்24.011. ஆறிய காயத்தின் பின்விளைவும் நாள்பட்ட கோளாறும் பெரும்பாலும் ஐசிடியின் 13-ஆம் அத்தியாயத்தில் (எம் கோட்கள்) இருக்கும், புதுக் காயம் 19-ஆம் அத்தியாயத்தில் (எஸ் கோட்கள்). தேதி பார்க்காமல் கோட் போட்டால் இரண்டும் இடம் மாறிவிடும்.

ஆஸ்டியோகாண்ட்ரைட்டிஸ் டிசெக்கன்ஸ் (மூட்டுப் பரப்பில் எலும்பும் குருத்தெலும்பும் பிரியும் நோய்) என்று டாக்டர் காரணத்தையே எழுதியிருந்தால் அதற்கு எம்93.21 வரிசை தனியாக இருக்கிறது. முன்பு சர்ஜரியில் எலும்பில் வைத்த ஆங்கர் (தசைநாரைப் பிடிக்கும் கருவி) உடைந்து அதன் துண்டு மிதந்தால் அது உடலின் துண்டே அல்ல, டி84 (உள்ளே வைத்த கருவியின் கோளாறு) பக்கம் பார்க்க வேண்டும். தசைநாருக்குள் சுண்ணாம்பு படிந்திருப்பது கால்சிஃபிக் டெண்டினைட்டிஸ், எம்75.3 வரிசை. லூஸ் பாடியும் இதுவும் எக்ஸ்ரேயில் வெள்ளைப் புள்ளிதான். ஆனால் எக்ஸ்ரேயைப் படிப்பது நம் வேலை இல்லை.

அதைச் சொல்லும்போது ரேடியாலஜி ரிப்போர்ட் ஞாபகம் வருகிறது. ‘லூஸ் பாடியாக இருக்கலாம்’, ‘சந்தேகம்’, ‘ரூல் அவுட்’ (இல்லை என்று உறுதிசெய்ய வேண்டும்). அவுட்பேஷண்ட் சார்ட்டில் இவற்றுக்கு நோய்க் கோட் கிடையாது. உறுதியாகும்வரை அறிகுறிதான், வலது தோள் வலி என்றால் எம்25.511. இன்பேஷண்ட் ஃபெசிலிட்டி கோடிங்கில், அதாவது அட்மிட் ஆனவர்களுக்கு மருத்துவமனை சார்பில் போடும் கோடிங்கில், விதி வேறு. டிஸ்சார்ஜ் நேரத்திலும் டாக்டர் ‘இருக்கலாம்’ என்றே எழுதியிருந்தால், இருப்பதாகவே எடுத்துக்கொண்டு கோட் செய்யலாம். ஒரு டீமிலிருந்து இன்னொரு டீமுக்கு மாறி வருபவர்கள் இதில்தான் தடுக்கி விழுகிறார்கள். உறுதியான பிறகும் வலிக் கோடைப் பக்கத்தில் ஒட்டிவைப்பது இன்னொரு பழக்கம். லூஸ் பாடி இருந்தால் வலிக்கத்தான் செய்யும், தனிக் கோட் வேண்டாம்.

பக்கம் பற்றிச் சுருக்கமாக. எம்24.011 வலது, எம்24.012 இடது. எம்24.01 என்று ஐந்து எழுத்தோடு நிறுத்தினால் க்ளெய்ம் செல்லாது. இரு தோளுக்கும் சேர்த்து ஒரே கோட் இல்லை, இரண்டையும் போட வேண்டும். பக்கம் குறிப்பிடாத எம்24.019 என்பது சோம்பேறித்தனத்துக்கு வைத்த கோட் அல்ல. டாக்டர் பக்கம் எழுதாவிட்டால் நர்ஸ், தெரபிஸ்ட் போன்ற மற்ற க்ளினிஷியன்களின் குறிப்பிலிருந்து எடுத்துக்கொள்ள இப்போதைய கைட்லைன் இடம் தருகிறது. குறிப்புகள் ஒன்றுக்கொன்று முரண்பட்டால் மட்டும் டாக்டருக்கு க்யூரி, அதாவது விளக்கம் கேட்டுக் கேள்வி. முழங்கால் பழக்கத்தில், அதன் லூஸ் பாடிக்கான எம்23.4-ஐத் தோளுக்குப் போட்டவரையும் பார்த்திருக்கிறேன், பெயர் வேண்டாம்.

டயக்னோசிஸ் சரியாக இருந்தும் பணம் வராமல் போவது சர்ஜரி கோடில். ஆர்த்ராஸ்கோபியில் (சிறு துளை வழியாகக் கேமரா விட்டுச் செய்யும் சர்ஜரி) துணுக்கை எடுத்தால் சிபிடி, அதாவது சிகிச்சைக் கோட், 29819. ஆனால் ஷேவர் போட்டுச் சுத்தம் செய்யும்போது சக்‌ஷனில் தானாக வெளியே வந்த பொடித் துணுக்குகளுக்கு இதைத் தனியாகக் கேட்க முடியாது. துண்டு கருவி நுழையும் குழாயான கேனுலாவின் துளையைவிடப் பெரிதா, பொதுவாக 5 மில்லிமீட்டர் அல்லது அதற்கு மேலா, அல்லது வேறு கீறல் போட்டு எடுத்தாரா என்று ஆப் நோட் (ஆப்பரேஷன் குறிப்பு) சொல்ல வேண்டும். ‘பல லூஸ் பாடிகள் அகற்றப்பட்டன’ என்ற ஒற்றை வரியை வைத்து எம்24.011-உம் 29819-உம் ஜோடி பொருந்துகிறதே என்று அனுப்பினால், அப்பீலில் காட்ட நம் கையில் எதுவும் இருக்காது. அப்படிப்பட்ட நோட் வந்தால், எத்தனை மில்லிமீட்டர், எந்த வழியாக எடுத்தீர்கள் என்று இரண்டே கேள்வியோடு க்யூரி போட்டுவிட்டு, சார்ட்டை ஹோல்டில் வைத்துவிடுவேன்.