குண்டு விழாத நாளும் போர்நாள்தான்: காசா செய்தி எழுதுபவர்கள் தவிர்க்க வேண்டிய தவறுகள்

2025ஆம் ஆண்டில் காசாவில் இரண்டு போர்நிறுத்தங்கள் வந்தன. முதலாவது ஜனவரி 19 அன்று தொடங்கி மார்ச் 18 அன்று உடைந்தது. இரண்டாவது அக்டோபர் 10 அன்று தொடங்கியது. இடையில் கிட்டத்தட்ட ஏழு மாதங்கள் குண்டுவீச்சும் முற்றுகையும் பஞ்சமும்தான்.

இந்த ஓர் ஆண்டை எழுத வந்த இளம் நிருபர்கள், சப்-எடிட்டர்களின் பிரதிகளைத் திருத்திக்கொண்டிருக்கிறேன். 2014 காசா போரின்போது என் தலைமுறையினர் செய்த அதே பிழைகள் வரிசை மாறாமல் வருகின்றன. அந்த வருடம் ஆகஸ்ட் 1 அன்று அறிவிக்கப்பட்ட 72 மணி நேரப் போர்நிறுத்தம் சில மணி நேரத்தில் தெற்குக் காசாவின் ரஃபாவில் உடைந்தது. அதற்குள் பல பத்திரிகைகள் அமைதி திரும்பியதாக அச்சுக்கே அனுப்பிவிட்டன.

பழைய படத்தைப் புதிதென்று போடுவது, ஊர்ப் பெயரைத் தப்பாக எழுதுவது போன்றவற்றை இங்கே விட்டுவிடுகிறேன். அவற்றை வாசகரே பிடித்துவிடுவார். வாசகருக்குத் தெரியாமல் அவரைத் தவறான புரிதலுக்குக் கொண்டுபோகிற பிழைகளைப் பற்றித்தான் எனக்குக் கவலை.

அறிவிப்பு வந்த நேரத்தையே அமலுக்கு வந்த நேரமாக எழுதுவது

2025 ஜனவரி 15 இரவு தோஹாவில் கத்தார் பிரதமர் ஒப்பந்தத்தை அறிவித்தார். கான் யூனிஸிலும் டெய்ர் அல் பலாவிலும் மக்கள் தெருவில் இறங்கிக் கொண்டாடினார்கள். அந்தப் படங்களைப் பார்த்த வேகத்தில் 'காசாவில் போர் முடிந்தது' என்று எழுதப்பட்ட பிரதி ஒன்று என் மேசைக்கு வந்தது. எப்போதிலிருந்து அமல் என்று கேட்டேன். எழுதியவர் பார்க்கவில்லை.

அமலுக்கு வரவேண்டியது 19ஆம் தேதி. நடுவில் இருந்த நாட்களில் மட்டும் நூற்றுக்கும் மேற்பட்டோர் கொல்லப்பட்டதாகக் காசாவின் குடிமைப் பாதுகாப்புப் படை சொன்னது. 19ஆம் தேதி காலை 8.30 மணி என்று குறித்திருந்தார்கள். முதலில் விடுவிக்கப்படப்போகும் மூன்று பணயக்கைதிகளின் பெயர்ப் பட்டியல் ஹமாஸிடமிருந்து வரவில்லை என்று சொல்லி இஸ்ரேல் தாக்குதலைத் தொடர்ந்தது. 11.15 மணிக்குத்தான் அமலுக்கு வந்தது. அந்த மூன்று மணி நேரத்துக்குள்ளும் பலர் செத்தார்கள்.

அதனால் பிரதியில் இரண்டு நேரமும் இருக்கட்டும். அறிவித்தது எப்போது, அமலுக்கு வந்தது எப்போது.

குண்டுச் சத்தம் நின்றதும் செய்தியை மூடிவைப்பது

எனக்கு இன்றும் ஆத்திரம் வரவைக்கிற தவறு இதுதான். அதனால் கொஞ்சம் விரிவாகவே சொல்கிறேன்.

வெளியில் இருக்கும் நமக்குப் போர்நிறுத்தம் என்றால் குண்டு விழாமல் இருப்பது. உள்ளே இருக்கும் சுமார் இருபது லட்சம் பேருக்கு அது எல்லைக் கதவு திறந்திருக்கிறதா என்பது. மாவு வருகிறதா, சமையல் எரிவாயு வருகிறதா, குடிநீர் ஆலைக்கு மின்சாரம் இருக்கிறதா, நோயாளி எகிப்துக்குப் போக முடிகிறதா, சிறையில் இருக்கும் மகன் பெயர் பட்டியலில் இருக்கிறதா என்பது. இதில் எதுவும் சத்தம் போடாது. அதனால் நம் பக்கங்களில் இடமும் கிடைக்காது.

ஜனவரி ஒப்பந்தத்தின் முதல் கட்டம் 42 நாட்கள். 33 பணயக்கைதிகளை, இறந்தவர்களின் உடல்களையும் சேர்த்து, ஹமாஸ் ஒப்படைக்க வேண்டும். இஸ்ரேல் ஏறக்குறைய 1,900 பாலஸ்தீனக் கைதிகளை விடுவிக்க வேண்டும். நாளுக்கு 600 லாரிகள் உள்ளே வரவேண்டும், அதில் 50 எரிபொருள் லாரிகள். பணயக்கைதிகள் மேடையில் ஏற்றப்பட்டு ஒப்படைக்கப்பட்டதையும், கைதிகளின் பேருந்துகள் மேற்குக் கரையின் ரமல்லாவுக்கு வந்ததையும் நாம் பெரிதாகவே போட்டோம். போட வேண்டியதுதான். இரண்டு பக்கமும் குடும்பங்கள் மாதக்கணக்கில், வருடக்கணக்கில் காத்திருந்தன.

அதே ஒப்பந்தத்தில் இன்னொரு வரி இருந்தது. 16ஆம் நாளுக்குள் இரண்டாம் கட்டப் பேச்சு தொடங்க வேண்டும். இரண்டாம் கட்டம்தான் உயிர்நாடி: மீதிப் பணயக்கைதிகள் விடுதலை, இஸ்ரேல் ராணுவம் முழுதாக வெளியேறுவது, போருக்கு நிரந்தர முடிவு. 16ஆம் நாள் என்றால் பிப்ரவரி 3. அந்தத் தேதி வந்தது, போனது. பேச்சு உருப்படியாகத் தொடங்கவே இல்லை. அன்று எதுவும் வெடிக்கவில்லை என்பதால் நான் பார்த்த பிரதிகளில் ஒன்றிலும் அது இல்லை.

மார்ச் 1 அன்று முதல் கட்டம் முடிந்தது. ரமலான் நோன்பின் முதல் நாளும் அதுவே. ரஃபாவில் இடிபாடுகளுக்கு நடுவே நீளமான மேசை போட்டு மக்கள் சேர்ந்து நோன்பு திறந்த படம் உலகம் முழுக்கப் போனது. அமெரிக்கச் சிறப்புத் தூதர் ஸ்டீவ் விட்காஃபின் யோசனைப்படி முதல் கட்டத்தை நீட்டிக்க வேண்டும் என்றது இஸ்ரேல். ஒப்பந்தத்தில் உள்ளபடி இரண்டாம் கட்டத்துக்குப் போக வேண்டும் என்றது ஹமாஸ். மறுநாள், மார்ச் 2 அன்று, காசாவுக்குள் எல்லாப் பொருட்களும் நுழைவதை இஸ்ரேல் நிறுத்தியது. சந்தையில் சர்க்கரையும் மாவும் காய்கறியும் அன்றே விலை ஏறின. மார்ச் 9 அன்று டெய்ர் அல் பலாவில் உள்ள கடல்நீர்க் குடிநீர் ஆலைக்குப் போய்க்கொண்டிருந்த மின்சாரமும் துண்டிக்கப்பட்டது.

மார்ச் 2 முதல் 17 வரையிலான இந்தப் பதினாறு நாட்களைப் பற்றி ஓர் இளம் நிருபர் நல்ல குறிப்பு ஒன்று தயார் செய்திருந்தார். கதவு அடைப்பு, விலை, குடிநீர் ஆலை எல்லாம் அதில் இருந்தது. அவர் வேலை பார்த்த பத்திரிகையில் 'சாவு இல்லையே, இடம் இல்லை' என்று சொல்லி மூன்று வரியாக்கிவிட்டார்கள். உண்மையில் சாவும் இருந்தது. அந்த நாட்களிலும் ஆங்காங்கே ஆட்கள் கொல்லப்பட்டுக்கொண்டுதான் இருந்தார்கள்.

மார்ச் 18 அன்று விடியும் முன், சஹர் உணவுக்காக மக்கள் எழுந்துகொள்ளும் நேரத்தில், காசா முழுக்க விமானத் தாக்குதல். ஒரே நாளில் நானூறுக்கும் மேற்பட்டோர் இறந்ததாகக் காசா சுகாதார அமைச்சகம் சொன்னது. நிறையக் குழந்தைகள். மூன்று வரி போட்ட அதே பத்திரிகை மறுநாள் முதல் பக்கம் முழுக்க 'திடீர்த் தாக்குதல்' என்று போட்டது. வாசகர் என்ன நினைப்பார்? நேற்றுவரை எல்லாம் சரியாக இருந்தது, ஒரே இரவில் என்னவோ ஆகிவிட்டது என்றுதானே நினைப்பார்.

இந்தத் தவறு மார்ச் மாதத்தோடு போகவில்லை. மார்ச் 2 அன்று மூடிய கதவு ஏறக்குறைய பதினோரு வாரங்கள் மூடியே இருந்தது. மே 19 அன்றுதான் சில லாரிகள் உள்ளே விடப்பட்டன. உலக உணவுத் திட்டத்தின் உதவியில் இயங்கிய 25 ரொட்டிக் கடைகளும், மாவும் எரிபொருளும் தீர்ந்துபோய், ஏப்ரல் தொடக்கத்திலேயே மூடிவிட்டன. மே கடைசியில் அமெரிக்க, இஸ்ரேல் ஆதரவோடு காசா மனிதாபிமான அறக்கட்டளை என்ற அமைப்பு ஒருசில இடங்களில் மட்டும் உணவு கொடுக்கத் தொடங்கியது. உணவு வாங்கப் போனவர்களில் ஆயிரத்துக்கும் மேற்பட்டோர் ஜூலை பிற்பகுதிக்குள் கொல்லப்பட்டதாக ஐ.நா. மனித உரிமை அலுவலகம் கணக்கு சொன்னது. ஆகஸ்ட் 22 அன்று, உணவு நெருக்கடியை அளவிடும் சர்வதேச அமைப்பான ஐ.பி.சி., காசா நகரமும் சுற்றுப்புறமும் அடங்கிய மாவட்டத்தில் பஞ்சம் நிலவுவதாக உறுதி செய்தது. ஐந்து லட்சத்துக்கும் மேற்பட்டோர் அந்த நிலையில். இஸ்ரேல் இந்த முடிவை மறுத்தது. உதவிப் பொருளை ஹமாஸ் திருடுகிறது என்பது அதன் வாதம். அந்த மறுப்பையும் எழுதுங்கள்.

ஆனால் ஆகஸ்டில் வந்த பஞ்சச் செய்திகளில் மார்ச் 2 எங்கே? நான் திருத்திய பெரும்பாலான பிரதிகளில் அந்தத் தேதியே இல்லை. ஏதோ மழை பொய்த்துப் பஞ்சம் வந்த மாதிரி எழுதியிருந்தார்கள். போர்நிறுத்தத்தின் அமைதியான நாட்களைப் பின்தொடராதவருக்கு, ஐந்து மாதம் கழித்து நடப்பதன் காரணமே கையில் இருக்காது.

அதனால் என்னோடு வேலை பார்ப்பவர்களிடம் இரண்டு விஷயம் கறாராகச் சொல்லிவிடுகிறேன். ஒப்பந்தம் கையெழுத்தான அன்றே அதன் ஒவ்வொரு கெடுவையும் நாட்காட்டியில் குறித்துக்கொள்ளுங்கள். அந்த நாளில் எது நடந்தாலும், எதுவுமே நடக்காவிட்டாலும், செய்தி உண்டு. அப்புறம், கெரம் ஷாலோம், ஸிகிம், ரஃபா ஆகிய மூன்று எல்லை வழிகளும் திறந்திருக்கின்றனவா, டெய்ர் அல் பலா சந்தையில் 25 கிலோ மாவு மூட்டை என்ன விலை என்று வாரம் ஒருமுறையாவது பாருங்கள். மாவு விலை ஏறத் தொடங்கினால், பேச்சுவார்த்தை மேசையில் என்ன சொன்னாலும், உள்ளே நிலைமை கெடுகிறது என்று அர்த்தம்.

அக்டோபரிலும் இதுவே நடந்தது. 13ஆம் தேதி உயிரோடிருந்த கடைசி 20 பணயக்கைதிகள் வெளியே வந்தார்கள். ஏறக்குறைய 2,000 பாலஸ்தீனர்கள் விடுதலையானார்கள். ஷர்ம் அல் ஷேக்கில் உலகத் தலைவர்கள் கூடினார்கள். பக்கம் பக்கமாக எழுதினோம். இரண்டு வாரம் கழித்து, அக்டோபர் 28 இரவு தொடங்கிய தாக்குதலில் மட்டும் நூற்றுக்கும் மேற்பட்டோர் இறந்தபோது பலர் சுருக்கச் செய்தியாக முடித்துக்கொண்டார்கள். டிசம்பர் மழையில் கூடாரங்களுக்குள் தண்ணீர் புகுந்தது பலருடைய பக்கத்தில் வரவே இல்லை.

மேற்குக் கரையை மறப்பது

காசாவில் போர்நிறுத்தம் தொடங்கி இரண்டே நாளில், ஜனவரி 21 அன்று, இன்னொரு பாலஸ்தீனப் பகுதியான மேற்குக் கரையின் ஜெனினில் இஸ்ரேல் பெரிய ராணுவ நடவடிக்கையைத் தொடங்கியது. பிறகு துல்கர்ம், நூர் ஷம்ஸ் அகதி முகாம்களும் காலி செய்யப்பட்டன. சுமார் 40,000 பேர் வீட்டை விட்டுப் போனார்கள். 1967 போருக்குப் பிறகு மேற்குக் கரையில் இவ்வளவு பேர் இடம்பெயர்ந்தது இல்லை. குடியிருந்தவர்கள் இப்போதைக்குத் திரும்ப முடியாது என்று இஸ்ரேல் பாதுகாப்பு அமைச்சர் பிப்ரவரியில் வெளிப்படையாகவே சொன்னார்.

'பாலஸ்தீனத்தில் அமைதி' என்று தலைப்புப் போட்ட அதே வாரத்தில் இது நடந்தது. போர்நிறுத்தம் காசாவுக்கு மட்டும்தான் என்று தலைப்பிலேயே சொல்லுங்கள்.

'வீடு திரும்பினார்கள்' என்று எழுதுவது

ஜனவரி 27 அன்று, காசாவை வடக்கு, தெற்கு என்று பிரித்து இஸ்ரேல் ராணுவம் வைத்திருந்த நெட்சாரிம் வழி திறந்தது. கடலோர அல் ரஷீத் சாலையில் லட்சக்கணக்கானோர் மெத்தையும் குழந்தையுமாக வடக்கே நடந்தார்கள். அவர்கள் திரும்பியது ஊருக்கு. வீடு பெரும்பாலோருக்கு இல்லை. கற்குவியலுக்குப் பக்கத்தில் கூடாரம் போட்டவர்களும் உண்டு, தண்ணீர் கிடைக்காமல் மறுபடியும் தெற்கே போனவர்களும் உண்டு. செப்டம்பரில் காசா நகரத்தின் மீது படை நகர்ந்தபோது பெரும் கூட்டம் திரும்பவும் தெற்கே துரத்தப்பட்டது. அக்டோபரில் திரும்பவும் வடக்கே. ஒரே குடும்பம் ஒரே சாலையில் ஒரு வருடத்துக்குள் இத்தனை முறை நடந்திருக்கிறது. 'திரும்பினார்கள்' என்ற ஒற்றைச் சொல்லில் இதையெல்லாம் அடைத்துவிடாதீர்கள்.

அக்டோபர் ஒப்பந்தத்துக்குப் பின் இன்னொன்றும் சேர்ந்துகொண்டது. இஸ்ரேல் ராணுவம் பின்வாங்கி நின்ற இடத்தை 'மஞ்சள் கோடு' என்கிறார்கள். அதற்கு அப்பால் உள்ள பகுதி காசாவின் மொத்தப் பரப்பில் பாதிக்கும் மேல். ரஃபாவின் பெரும்பகுதியும் பெய்ட் ஹானூனும் அந்தப் பக்கம். அந்த ஊர்க்காரர்களுக்குப் போர்நிறுத்தம் வந்தும் ஊர் வரவில்லை. பல இடங்களில் கோடு எங்கே போகிறது என்றே தெரியாமல் கிட்டே போனவர்கள் சுடப்பட்டிருக்கிறார்கள். ராணுவம் மஞ்சள் நிறக் கான்கிரீட் கட்டைகளைப் போட்டது பிறகுதான். ஆகவே யாராவது 'திரும்பினார்' என்று எழுதினால், எந்தப் பகுதிக்கு என்று வரைபடத்தை வைத்துப் பார்த்துவிட்டே பிரதியை விடுகிறேன்.

போர்நிறுத்தத்தில் இறப்பு எண்ணிக்கை ஏன் ஏறுகிறது என்று சொல்லாமல் விடுவது

இடிபாடுகளைத் தோண்ட அப்போதுதான் வழி கிடைக்கிறது. முன்பே இறந்தவர்களின் உடல்கள் அப்போது மீட்கப்பட்டுக் கணக்கில் சேர்கின்றன. நவம்பர் இறுதியில் சுகாதார அமைச்சகத்தின் மொத்த எண்ணிக்கை 70,000ஐத் தாண்டியபோது, போர்நிறுத்தத்துக்குப் பின் கொல்லப்பட்டவர்களையும் தோண்டி எடுக்கப்பட்ட உடல்களையும் ஒரே எண்ணில் கலந்து எழுதியவர்கள் பலர். அமைச்சகம் இரண்டையும் தனித்தனியாகத் தருகிறது. பிரித்தே எழுதுங்கள். போராளி, பொதுமக்கள் என்று அமைச்சகம் பிரிப்பதில்லை என்ற வரியும் வேண்டும்.

லாரிக் கணக்கு

எல்லையைக் கடந்தது வேறு, மக்கள் கைக்கு வந்தது வேறு. எது என்று எழுதுங்கள்.

'இரு தரப்பும் மீறின'

எந்த நாள், எந்த இடம், யார் செய்தது, எத்தனை பேர் இறந்தார்கள். இந்த நான்கும் இல்லாமல் அந்த வரி வந்தால் வெட்டிவிடுவேன்.