மந்திரக் குறிக்கு சட்டம் எழுதப் போறீங்களா? முதல்ல புளியரை செக்போஸ்ட்டைப் பாருங்க

இணை உலகங்கள் வச்சு கதை எழுதுறவங்க நிறைய பேர் "தடை செய்யப்பட்ட குறியை வரைஞ்சா மரண தண்டனை"ன்னு ஒரு வரி போட்டுட்டு அடுத்த அத்தியாயத்துக்கு ஓடிர்றாங்க. அந்த ஒரு வரிய வச்சு செக்போஸ்ட்ல நிக்கிற ஏட்டய்யா யாரைப் பிடிப்பார், எதைப் பறிமுதல் பண்ணுவார்? அவருக்குப் புரியுற மாதிரி எழுதுங்க, கதை தானா வரும்.

எங்க செங்கோட்டை பக்கம் இருக்கிறவங்களுக்கு இது லேசா புடிபடும். தமிழ்நாட்டு எல்லைல இருக்கிற புளியரை செக்போஸ்ட்டைத் தாண்டி கேரளா பக்கம் ஆரியங்காவு போனா லாட்டரிக் கடை, கேரளா அரசாங்கமே 1967ல இருந்து நடத்துது, அதே சீட்டை இந்தப் பக்கம் கொண்டாந்து வித்தா கேஸ், தமிழ்நாட்டுல 2003ல தடை போட்டாச்சு. அச்சுல ஒரு எழுத்து கூட மாறல பாத்துக்கிடுங்க. உங்க குறியும் அப்படித்தான், ஒரு உலகத்துல கல்யாண வீட்டு வாசல்ல போடுவாங்க, இன்னொரு உலகத்துல அது வீட்டையே எரிச்சிரும். அதனால சட்டத்தோட கடைசில வர்ற அட்டவணைல ஒவ்வொரு குறிக்கும் நேரா எந்த உலகத்துல ஆபத்துன்னு பேர் போட்டே ஆகணும்.

அடுத்து எந்த செயல் குற்றம்னு முடிவு பண்ணுங்க. வரையறதா, வச்சிருக்கறதா, விக்கிறதா? நம்ம நாட்டுல 1954ல வந்த மருந்து, மந்திரப் பரிகார விளம்பரச் சட்டத்துல தாயத்து, மந்திரம், கவசம் மூணும் பேர் சொல்லியே வருது, ஆனா அது பிடிக்கிறது இன்ன நோயைத் தீர்க்கும்னு பண்ற விளம்பரத்தைத்தான், இடுப்புல தாயத்து கட்டுன பிள்ளைய ஒண்ணும் பண்ணாது. இந்த மாதிரி நுணுக்கமா நிறுத்துங்க.

இப்பதான் பெரிய தலைவலி. வரைஞ்சாலே வேலை செய்ற குறின்னா சட்டப் புத்தகத்துல எப்படி அச்சடிப்பீங்க, சட்டத்தை வெளியிடுற அரசு கெசட்டே பத்திக்கிடும்லா? கோலப் புத்தகத்துல வழி இருக்கு. "15 புள்ளி, இடைப்புள்ளி, 8 வரை"ன்னு போட்டிருப்பாங்க, ஆனா அத மட்டும் வச்சு கோலம் வராது, கோடு எப்படி இழுக்கணும்னு தெரியணும். அதனால புள்ளிக் கணக்கை ஒரு உலகத்து கெசட்டுலயும் கோட்டை இன்னொரு உலகத்து கெசட்டுலயும் போட்டுருங்க, தனித்தனியா ரெண்டும் வெறும் காகிதம்.

பறிமுதல் மகஜரும், அதாவது என்னென்ன பிடிச்சோம்னு சாட்சி வச்சு எழுதுற காகிதமும், இதே கதிதான். வைக்கோல் லோடுக்கு அடியில சிவப்புப் பட்டுத்துணி, உள்ள குறி வெட்டுன செப்புத் தகடுன்னு வச்சுக்குவோம். ஏட்டய்யா ஒரு அட்டைய வச்சு பாதிய மறைச்சுக்கிட்டு மேல் வரிசையில எத்தனை புள்ளின்னு எண்ணி எழுதுறார், மறுபாதிய எழுத வேற ஆள், ஒருத்தர் எழுதுனத இன்னொருத்தர் பாக்கக் கூடாது, ரெண்டு சாட்சி கையெழுத்து, அப்புறம் அரக்கு சீல். சாட்சி ஆர்வக்கோளாறுல எட்டிப் பாத்தா உங்களுக்கு ஒரு அத்தியாயம் இலவசம். பச்சை குத்திக்கிட்டு வர்றவன என்ன பண்றது, ஆளையே சீல் வைக்கவா? அவனுக்கு கைத்துணி கட்டி ரெஜிஸ்டர்ல பேர் எழுதி விடுங்க, வேற வழி எனக்குத் தெரியல.

வழியா போறவங்களுக்கும் ஒரு பிரிவு வேணும். ஐயப்ப சீசன்ல இந்த ரோட்ல வர்ற வண்டி எல்லாத்தையும் பிரிச்சுப் பாத்தா தென்காசி வரைக்கும் ஜாம்தான். சீல் உடைக்காம இந்த உலகத்தைத் தாண்டிப் போனா குற்றமில்லன்னு எழுதிட்டு, சீல் வைக்கிற ஆபீஸ் எந்த உலகத்துலன்னும் சொல்லிருங்க.

பழைய குறிகளை மறந்துராதீங்க. செங்கோட்டை 1956 நவம்பர் 1ல திருவிதாங்கூர்-கொச்சில இருந்து சென்னை மாநிலத்துக்கு வந்துட்டு, ஆனா ஊர் வாசல் தோரணத்துல திருவிதாங்கூர் அரசோட சங்கு முத்திரை அப்படியே இருக்கு, யாரும் இடிக்கல. அந்த மாதிரி உங்க உலகத்துலயும் சட்டத்துக்கு முன்னாடி செதுக்குனது இருக்கும். செஞ்ச அன்னைக்கு குற்றமா இல்லாத ஒண்ணுக்கு பின்னாடி வந்த சட்டத்தை வச்சு தண்டிக்கக் கூடாதுன்னு நம்ம அரசியலமைப்புல 20வது பிரிவு சொல்லுது, ஆனா ரெண்டு உலகத்துலயும் காலம் ஒரே வேகத்துல ஓடலன்னா எந்த உலகத்து தேதிய எடுப்பீங்க? என்னைக் கேட்டா குறி வரைஞ்ச இடத்துத் தேதிதான். வக்கீல் கதாபாத்திரம் இருந்தா இதுலயே பாதிக் கதைய ஓட்டிரலாம்.

தண்டனைய கடைசியா எழுதுங்க. 1985 போதைப்பொருள் சட்டத்துல சிறு அளவு, வணிக அளவுன்னு பிரிச்சிருக்கறத பாத்திருப்பீங்க, ஆனா குறிய எடை போட முடியாது, எதுல வரைஞ்சதுன்னு பிரிங்க. மாவுல போட்டது மழை பெஞ்சா போயிரும், அதுக்கு அபராதம் போதும், செப்புத் தகட்டுல வெட்டுனதுக்கு ஜெயில், பாறையில செதுக்குனதுக்கு ஆயுசு பூரா.