பழைய பேக்கார்டு கார் கண்ணில் பட்டால் எங்கே பார்ப்பது

சிங்கப்பூரில் பழைய கார்கள் கூடும் இடத்தில் மெர்சிடிஸையும் ஜாகுவாரையும் சுற்றித்தான் கூட்டம். அபூர்வமாக ஒரு பேக்கார்டு வந்தால் "ரோல்ஸ் ராய்ஸா?" என்று கேட்டுவிட்டு நகர்ந்துவிடுவார்கள். நீங்கள் நகராதீர்கள்.

முதலில் முன்பக்கம். ரேடியேட்டரின் மேல்விளிம்பு நுகத்தடி மாதிரி வளைந்து, சக்கரத்தின் நடுவில் சிவப்பு அறுகோணமும் இருந்தால் பேக்கார்டுதான். 1899இல் ஒஹையோவின் வாரன் ஊரில் தொடங்கி, 1903இல் டெட்ராய்ட்டுக்குப் போய், 1915இலேயே 12 சிலிண்டர் இன்ஜின் போட்டு அமெரிக்கப் பணக்காரர்களின் காராக இருந்த நிறுவனம்.

அப்புறம் பானெட்டின் நீளம். 1930களின் பெரிய மாடல்களில் அது முடிவே இல்லாமல் போகும். கொஞ்சம் குட்டையாக இருந்தால் 1935இல் வந்த '120' மாடலாக இருக்கலாம், 1,000 டாலருக்கும் கீழே விலை தொடங்கியது, பொருளாதாரப் பெருமந்த காலத்தில் கம்பெனியைக் காப்பாற்றியதே அதுதான். மலிவு விலையால் பேரைக் கெடுத்ததும் அதுதான் என்பார்கள், எனக்கு அதில் உடன்பாடில்லை. இரண்டாம் உலகப் போரில் மெர்லின் விமான இன்ஜின்களை 55,000க்கு மேல் செய்துகொடுத்து நல்ல பணத்தோடு வெளியே வந்தவர்கள், அதற்குப் பிறகு உச்சாணிக்குத் திரும்பாமல் நடுத்தர விலை கார்களிலேயே தங்கி, அந்த இடத்தை போட்டி சொகுசுக் காரான கேடிலாக்குக்கு விட்டுக்கொடுத்தார்கள் பாருங்கள், அங்கேதான் சறுக்கல்.

உடம்பு உப்பியிருந்தால் 1948 முதல் 1950க்குள். 'கர்ப்பிணி யானை' என்றே கேலி செய்தார்கள். மீன்வாய் மாதிரி முகம் இருந்தால் 1958இன் ஹாக், அது ஸ்டூடிபேக்கர் என்ற இன்னொரு அமெரிக்க நிறுவனத்தின் காருக்கு ஒட்டிய பேக்கார்டு பெயர். 1954இல் இரண்டு நிறுவனங்களும் இணைந்தன, 1956இல் டெட்ராய்ட் உற்பத்தி நின்றது, 1958ஓடு பெயரும் போச்சு.

சரி, உரிமையாளரிடம் பேச்சுக் கொடுங்கள். "வைத்திருப்பவரைக் கேளுங்கள்" என்பதுதான் பேக்கார்டின் விளம்பர வாசகமே! வலப்பக்க ஸ்டீயரிங் தொழிற்சாலையிலேயே வந்ததா, பிறகு மாற்றியதா என்று கேளுங்கள். சிஓஇ, அதாவது சிங்கப்பூரில் கார் வைத்திருக்க ஏலத்தில் எடுக்கும் உரிமைச் சான்றிதழ், எவ்வளவு என்று மட்டும் கேட்காதீர்கள். 35 வயது தாண்டிய கார்களுக்கான கிளாசிக் திட்டத்தில் அது வேண்டாம், பதிலுக்கு வருடத்தில் குறிப்பிட்ட நாட்கள்தான் ஓட்டலாம்.

1955, 56 மாடல் பெரிய பேக்கார்டு என்றால் பின்சீட்டில் இரண்டு பேரை உட்கார வைக்க முடியுமா என்று கேட்டுப் பாருங்கள். பின்பக்கம் தாழும், சில விநாடி கழித்து மின்மோட்டார் ஓடி மறுபடி சமமாகத் தூக்கும். மோட்டார் சத்தமே வரவில்லையென்றால் நாசூக்காகப் பேச்சை மாற்றிவிடுங்கள்.