ஆஸ்திரேலிய வீடுகளில் செம்முதுகுச் சிலந்தியை அறிந்துகொள்ளுதல்

ஆஸ்திரேலியாவில் புதிதாகக் குடியேறுபவர்களுள் சிலர் எந்தச் சிலந்தியைக் கண்டாலும் நடுங்குகிறார்கள். வேறு சிலர், ஊரில் பார்த்த எட்டுக்கால் பூச்சிதானே என்று நூலாம்படையை வெறுங்கையால் வழித்தெடுக்கிறார்கள். இரண்டும் வேண்டாம். ஒழுங்கற்ற சிக்கல் வலை பின்னும் சிலந்திகளுள் இங்கு நீங்கள் கட்டாயம் அடையாளம் காணப் பழக வேண்டியது, ரெட்பேக் என்று இந்நாட்டார் அழைக்கும் செம்முதுகுச் சிலந்தியாகும்.

முதிர்ந்த பெண் சிலந்தியின் உடல் ஒரு பட்டாணி அளவே, அதாவது ஏறத்தாழ 1 சென்டிமீட்டர் நீளமே இருக்கும். பளபளக்கும் கரிய நிறமும் உருண்ட வயிறும் கொண்ட அதன் முதுகில் சிவப்பு அல்லது ஆரஞ்சு நிறப் பட்டை ஒன்று நீளவாக்கில் ஓடும். வயிற்றின் அடிப்புறத்தில் உடுக்கை வடிவில் செந்நிறக் குறி இருக்கும். வலையில் அது தலைகீழாகத் தொங்குவதால், முதுகுப் பட்டைக்கு முன்பே இந்த உடுக்கைக் குறி உங்கள் கண்ணில் படக்கூடும். ஆண் சிலந்தி 3 அல்லது 4 மில்லிமீட்டர் அளவில் பழுப்பாக இருப்பதால் பெரும்பாலும் நம் பார்வைக்குத் தப்பிவிடுகிறது.

சிலந்தி தென்படாதபோதும் வலையைக் கொண்டு அதன் இருப்பை ஊகிக்கலாம். மேலே, மறைவான இடுக்கில், தாறுமாறாகப் பின்னிய பதுங்கிடம் இருக்கும்; அங்கிருந்து செங்குத்தாகத் தரைவரை இறங்கும் இழைகளின் அடிநுனியில் பசைத்துளிகள் இருக்கும். ஊர்ந்து செல்லும் பூச்சி அவற்றில் மோதியதும் இழை தரையிலிருந்து விடுபட்டு, இரையை மேலே தூக்கிவிடும். உடனே சிலந்தி இறங்கிவந்து, பின்னங்கால்களில் சீப்புப்போல் அமைந்துள்ள மயிர்களால் பசையிழையை வாரி இறைத்து இரையைக் கட்டுகிறது. சிறு பல்லிகள்கூட இப்படி அகப்படுவதுண்டு. இவ்வளவு திறமையான வேட்டைக்காரி மனிதரைத் துரத்தி வருவதில்லை. வலைக்குள் நம் கை புகுந்தாலோ உடலோடு அழுந்தினாலோதான் கடிக்கிறது.

ஆகவே, அது வாழும் இடங்களை மனத்தில் பதித்துக்கொள்ளுங்கள். மழை படாத, அசைக்கப்படாத, தரைக்கு அருகிலுள்ள இடுக்குகளையே அது நாடும்: தபால் பெட்டி, தோட்ட நாற்காலியின் அடிப்புறம், பூந்தொட்டியின் விளிம்பு, கொட்டகையில் கிடக்கும் பொருள்கள், குழந்தைகளின் மூன்று சக்கர வண்டி. நம்மவர்களிடம் நான் அழுத்திச் சொல்ல விரும்புவது காலணிகளைப் பற்றியே. வாசலில் செருப்பும் சப்பாத்தும் கழற்றி வைப்பது நம் வழக்கம், அதை விடவேண்டியதில்லை. ஆனால் மூடிய காலணிகளை இரவில் உள்ளே எடுத்து வையுங்கள். வெளியே கிடந்தவற்றைக் கவிழ்த்துத் தட்டிப் பார்த்த பிறகே குழந்தைகளுக்கு அணிவியுங்கள்.

கூரை மூலையில் மெல்லிய நீண்ட கால்களுடன் தொங்கி, தொட்டால் உடலைக் குலுக்கும் டாடி லாங் லெக்ஸ் தீங்கற்றது. அது ரெட்பேக்கையே பிடித்துத் தின்னக்கூடியது. அலமாரிச் சிலந்தி எனப்படும் உறவினம், உருவில் ரெட்பேக்கை ஒத்திருந்தாலும் முதுகில் சிவப்புப் பட்டை இல்லாதது.

ரெட்பேக் கடித்த இடத்தில் வலி தொடக்கத்தில் லேசாக இருந்து, பின்னர் கடுமையாகலாம். வியர்வையும் குமட்டலும் வரலாம். கடிவாயைக் கழுவி, துணியில் சுற்றிய பனிக்கட்டியை வைத்து மருத்துவரிடம் செல்லுங்கள். பாம்புக்கடிக்குச் செய்வதுபோல் இறுகக் கட்டக் கூடாது. இந்த நஞ்சு மெதுவாகவே பரவுவதால் கட்டு வலியைத்தான் கூட்டும். இதற்கான முறிமருந்து 1956 முதல் இங்கு உள்ளது. சிட்னியிலும் அதன் சுற்றுப்பகுதிகளிலும் பெரிய, கரிய சிலந்தி எதுவும் கடித்தால் முறை வேறு: அது ஃபனல்-வெப் என்னும் கொடிய நச்சுச் சிலந்தியாக இருக்கலாம் என்று கருதி, கடிபட்ட கை அல்லது கால் முழுவதையும் அழுத்தக் கட்டுத்துணியால் சுற்றி, அசையாமல் வைத்து, 000 என்ற அவசர உதவி எண்ணை உடனே அழையுங்கள்.

வலையை நீக்கும்போது கையுறை அணிந்து நீண்ட ஒட்டடைக்கம்பைப் பயன்படுத்துங்கள்; பாலாடை நிறத்தில் உருண்டையாகத் தொங்கும் முட்டைப் பைகளையும் நசுக்கிவிடுங்கள், ஏனெனில் ஒரு பையிலேயே ஏறத்தாழ 250 முட்டைகள் இருக்கக்கூடும். ஐயமிருந்தால் நச்சுத் தகவல் மையத்தை 13 11 26 என்ற எண்ணில் எந்நேரமும் அழைக்கலாம். ஆங்கிலத்தில் பேசத் தயங்கும் பெற்றோர் 131 450 என்ற எண்ணில் தமிழ் மொழிபெயர்ப்பாளரைக் கேட்டு, அவர் வழியாகப் பேசலாம். இவ்விரு எண்களையும் குளிர்சாதனப் பெட்டியின் கதவில் ஒட்டி வையுங்கள்.