லாங்போர்டு நடனத்தைப் படமெடுக்க, முதலில் பலகையில் ஏறுங்கள்

நெதர்லாந்தின் ஐந்தோவன் நகரில் லாங்போர்டு, அதாவது நீளமான ஸ்கேட்போர்டு (சக்கரப் பலகை), மேல் ஆடுபவர்களைப் பற்றி ஓர் ஆவணப்படம் எடுத்துக்கொண்டிருக்கிறேன். முதல் ஆறு மாதம் எடுத்ததில் ஒரு நிமிடம்கூடத் தேறவில்லை. ஓரமாக டிரைபாட் போட்டு நின்றேன். ஆடுபவர் ஃபிரேமுக்குள் வந்து நாலு எட்டு வைத்துவிட்டு வெளியே போய்விடுவார். ஓடும் பலகையின் மேல் கால் மாற்றிக் கால் வைத்து முன்னும் பின்னும் நடப்பதுதானே இந்த ஆட்டத்தின் அழகு? கடலில் நீளப் பலகையில் அலையேறுபவர்களிடமிருந்து வந்த நடை அது. அதைக் காட்ட நாமும் கூடவே உருள வேண்டும்.

அதனால் முதலில் ஒரு பலகை வாங்குங்கள். 70 மில்லிமீட்டர் சக்கரம், 78ஏ கடினம் போதும் (இந்த எண் குறைந்தால் சக்கரம் மென்மை). மென்மையான பெரிய சக்கரம் சின்னக் கற்களை ஏறிக் கடந்துவிடும், கேமராவும் அதிகம் அதிராது. ஒரு மாதம் வெறுங்கையோடு பழகுங்கள். ஹெல்மெட் கட்டாயம்.

அப்புறம் கேமரா. அகலக் கோண லென்ஸ் போட்டு, முழங்கால் உயரத்தில் பிடியுங்கள். பாதம் ஃபிரேமில் வெட்டுப்படவே கூடாது. முகம் போனாலும் பரவாயில்லை. தரையில் காலை உந்தும்போது படம் குலுங்கும். அதனால் ஆட்டம் தொடங்குவதற்கு முன்பே வேகம் எடுத்துவிட்டு, பிறகு உந்தாமல் வழுக்கிக்கொண்டே போங்கள். விழப் போனால் யார் எந்தப் பக்கம் விலகுவது என்று முன்கூட்டியே பேசிவையுங்கள்.

மழைக்காலத்தில் எல்லோரும் கூரையுள்ள இடத்துக்குப் போவார்கள். அங்கே விளக்கு வெளிச்சத்தில் எடுக்க வேண்டிவரும். ஐரோப்பிய மின்சாரம் 50 ஹெர்ட்ஸ் என்பதால், ஷட்டரை 1/50 அல்லது 1/100 நொடியில் வைத்தால் பெரும்பாலும் விளக்கு மினுக்கம் விழாது.

ஒலியை விட்டுவிடாதீர்கள். பலகையின் அடியில், ட்ரக் (சக்கரங்களைப் பலகையோடு இணைக்கும் அச்சு) பக்கத்தில், சின்ன மைக் ஒன்றைப் பஞ்சு சுற்றி ஒட்டுகிறேன். செங்கல் பாவிய தெருவில் சக்கரம் கடகடவென்று அடிக்கும். தார்ச்சாலைக்கு வந்ததும் சட்டென்று அடங்கும். அந்த மாற்றத்தைக் கேட்டால் எனக்கு இன்றும் சிலிர்க்கும்.

ஒரு மாலை, ஒரு பெண் ஒரே சுழற்சியை இரண்டு மணி நேரம் முயன்றுகொண்டிருந்தார். மெமரி கார்டை மிச்சம் பிடிக்க நான் கேமராவை அணைத்தேன். அடுத்த முறையே அவருக்கு அது கைகூடியது. சுற்றி இருந்தவர்கள் எல்லோரும் பலகையைத் தரையில் தட்டி ஆரவாரித்தார்கள். என்னிடம் ஒரு ஃபிரேம்கூட இல்லை. இப்போது மூன்று கார்டு கொண்டுபோகிறேன். ஆடுபவர் களைத்து உட்கார்ந்து பேரிங் துடைக்கும்போதும் ரெக்கார்டிங் ஓடிக்கொண்டிருக்கும்.